கனவுச் சந்தையில் எது விலைபோகும்?

திருநெல்வேலிப் பக்கம் ஒரு கிராமம். ஊர்ச்சனம் அத்தனை பேரும் ராத்திரி தூங்கியதும் ஒரே கனவுக்குள் வந்து சேருகிறார்கள். அங்கே ஒரு சந்தை கூடுகிறது. அதில் என்ன விற்பார்கள், பணம் என்று எது ஓடும், அது பகல் வாழ்க்கையைத் தொடுமா? இப்படி ஒரு கதை எழுதிக்கொண்டிருப்பதாகச் சொல்லி ஒரு தம்பி கேட்டிருக்கிறார். நான் பாளையங்கோட்டையில் முப்பது வருஷம் பொருளாதாரம் சொல்லிக்கொடுத்தவன். என் தாத்தா மேலப்பாளையம் சந்தையில் மாட்டுத் தரகர். இந்தக் கேள்விக்கு இரண்டு வழியிலும் எனக்குச் சொல்ல இருக்கிறது. நீளமாகத்தான் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இரண்டு பேர் ஒரே கனவுக்குள் போய்ப் பேசிக்கொண்டார்கள் என்று எந்த ஆய்வும் நிரூபித்ததில்லை. ஆனால் கனவுக்குள் இருக்கும் ஒருவரிடம் வெளியிலிருந்து கேள்வி கேட்டுப் பதில் வாங்கியிருக்கிறார்கள். அமெரிக்கா, பிரான்ஸ், ஜெர்மனி, நெதர்லாந்து ஆய்வுக்கூடங்கள் 2021-ல் சேர்ந்து வெளியிட்ட ஆய்வு அது. தான் காண்பது கனவு என்று கனவுக்குள்ளேயே தெரிந்துகொள்ளும் பழக்கம் உள்ளவர்களிடம், அவர்கள் தூங்கும்போதே சின்னக் கணக்குகளைக் கேட்டார்கள். எட்டில் ஆறு போனால் எவ்வளவு? தூங்கிக்கொண்டிருந்தவர் கண்ணை இடமும் வலமுமாக இரண்டு தடவை அசைத்தார். கழித்தல் தெரிந்த மனுஷன் பேரம் பேசுவான். உங்கள் கற்பனை முழுக்க அந்தரத்தில் தொங்கவில்லை.

சரி, சரக்குக்கு வருவோம். நம்ம ஊர் அல்வாவையே எடுத்துக்கொள்ளுங்கள். நெல்லையப்பர் கோயில் எதிரே இருட்டுக்கடையில் சாயங்காலம் ஏன் அவ்வளவு கூட்டம்? சம்பா கோதுமையை ஊறவைத்து, அரைத்துப் பால் எடுத்து, சீனியும் நெய்யும் விட்டுக் கை ஓயக் கிண்டினால்தான் அது அல்வா. ஒரு நாளைக்கு இவ்வளவுதான் கிண்ட முடியும். கொஞ்ச நேரத்தில் தீர்ந்துவிடும். தீர்ந்துவிடும் என்பதால்தான் வரிசை. கனவில் இந்தக் கஷ்டம் எதுவும் கிடையாது. நினைத்தால் வாழை இலை நிறைய அல்வா. பக்கத்து ஆளும் நினைத்தால் அவருக்கும் இலை நிறைய. யாரும் யாரிடமும் வாங்க வேண்டியதில்லை. ஆகவே அல்வா, பட்டுச்சேலை, மாடிவீடு இதெல்லாம் உங்கள் சந்தையில் முதல் வாரமே விலையில்லாமல் போய்விடும். கதையில் யாராவது கனவில் நகைக்கடை போட்டால் அது ஓடாது.

ஆனால் இங்கே ஒரு நுணுக்கம் இருக்கிறது, இதைக் கவனமாக எடுத்துக்கொள்ளுங்கள். அல்வா சாப்பிட்டே இராத ஒருவன் கனவில் அல்வாவை நினைத்தால் என்ன வரும்? பழுப்பாக, பளபளப்பாக ஏதோ வரும். வாயில் போட்டால் ருசி இருக்காது. ருசி நாக்கின் ஞாபகத்திலிருந்துதான் வர வேண்டும். சுடச்சுட இலையில் வாங்கி, விரலில் நெய் வழியத் தின்ற ஆள் ஒருவர் அந்தக் கனவில் கூட இருந்தால் மட்டுமே, அவர் ஞாபகம் எல்லார் நாக்குக்கும் போகும். அப்போது அங்கே விலைபோவது அந்த ஆளின் ஞாபகம்தான். அதோடு, அவர் அந்த நேரத்துக்கு அங்கே வந்து இருப்பதும். கனவில் அரிதாகக் கிடைப்பவை இந்த இரண்டுதான் என்று நினைக்கிறேன். குற்றாலத்தில் சாரல் அடிக்கும்போது மெயினருவியில் தலை கொடுத்து நின்றவர், வல்லநாட்டு மலை மேல் விடியலைப் பார்த்தவர், தாமிரபரணியில் முங்கிக் கண்ணைத் திறந்து பார்த்தவர் எல்லாரும் அங்கே முதலாளி. வெளியூரே போயிராத ஒரு கிழவியிடம் எழுபது வருஷத்துக் கார்த்திகை இருக்கும். அவள் பெரிய கடைக்காரி.

ஆளுக்கு ஒரே ராத்திரிதானே, எல்லாருக்கும் சமமாகக் கிடைக்கிற இடத்தில் வியாபாரம் எப்படி வரும் என்று கேட்கலாம். வரும். ராட்ஃபோர்ட் என்ற பொருளியல் படித்த ஆங்கிலேயர் இரண்டாம் உலகப்போரில் கைதியாகி முகாமில் இருந்தவர். அங்கே கண்டதை 1945-ல் ஒரு கட்டுரையாக எழுதினார். என் வகுப்பில் ஒவ்வொரு வருஷமும் முதல் பாடமாக அதைத்தான் சொல்வேன். செஞ்சிலுவைச் சங்கம் ஒவ்வொரு கைதிக்கும் ஒரே மாதிரிப் பொட்டலம் கொடுத்தது. பால் டப்பா, ஜாம், வெண்ணெய், பிஸ்கட், சிகரெட். எல்லாருக்கும் அதே. ஆனால் ஒருவனுக்கு ஜாம் பிடிக்கும், இன்னொருவனுக்குச் சிகரெட் வேண்டாம். மாற்று தொடங்கியது. ஒரு பாதிரியார் ஒரு பாலாடைக்கட்டி டப்பாவையும் ஐந்து சிகரெட்டையும் எடுத்துக்கொண்டு முகாமைச் சுற்றிவந்தார் என்றும், திரும்பி வரும்போது கொண்டுபோனதும் அப்படியே கையில் இருக்க, கூடவே ஒரு முழுப் பொட்டலமும் இருந்தது என்றும் அங்கே ஒரு கதை உலவியதாம். உருது தெரிந்த ஒருவர் சீக்கியக் கைதிகளிடம் இறைச்சியை வாங்கிக்கொண்டு வெண்ணெயும் ஜாமும் கொடுத்து லாபம் பார்த்தார். எல்லாருக்கும் அளவு ஒன்று, ஆசை வேறு. அந்த இடைவெளியில் தரகன் பிறக்கிறான். உங்கள் கனவுச் சந்தையிலும் முதலில் வருகிற ஆள் தரகனாகத்தான் இருப்பான். யாரிடம் எந்த ஞாபகம் இருக்கிறது என்று அவனுக்குத்தான் தெரியும்.

அந்த முகாமில் சிகரெட்டே பணமாகிவிட்டது. எண்ணலாம், சீக்கிரம் கெடாது, எல்லாருக்கும் வேண்டும். கனவில் அப்படி ஒன்று நடக்காது. முக்கூடலிலும் ஆலங்குளத்திலும் பீடி சுற்றும் பெண்களுக்கு ஆயிரம் பீடிக்கு இவ்வளவு என்று கூலி. ஆயிரம் பீடி என்றால் ஒருத்தி முதுகு ஒடிய உட்கார்ந்த நேரம், அதனால் அதற்கு மதிப்பு. கனவில் ஆயிரம் பீடி கண்ணிமைக்கும் நேரத்தில் வரும். தங்கக்காசும் அப்படியே. நினைத்தவன் எல்லாம் காசடிக்கிற ஊரில் காசு செல்லாது. ‘கனவில் கண்ட பணம் செலவுக்கு உதவுமா’ என்ற சொலவடை கனவுக்குள்ளேயும் சரியாகத்தான் இருக்கிறது.

ஆகவே ஒருவன் தனியாக உண்டாக்க முடியாத ஒன்றுதான் அங்கே பணமாக முடியும். என் யோசனை நாழிகை. இருபத்து நாலு நிமிஷம் ஒரு நாழிகை, நம்ம ஊர்ப் பெரியவர்கள் புழங்கிய அளவு. ஏன் இது பொருந்துகிறது என்று சொல்கிறேன். ஏழெட்டு மணி நேரம் தூங்குகிற ஒருவருக்குக் கண் உருளும் தூக்கம், அதாவது கனவு தெளிவாக வருகிற பகுதி, அதில் நாலில் ஒன்று அல்லது ஐந்தில் ஒன்று. ஏறக்குறைய நாலு நாழிகை. இதை யாரும் கூட்ட முடியாது, சேர்த்துவைக்க முடியாது. ‘எனக்கு உன் ஞாபகத்தைக் காட்டு, பதிலுக்கு உன் கடையில் ஒரு நாழிகை இருக்கிறேன், உனக்கு வேண்டியதை நான் காட்டுகிறேன்’ என்பதுதான் அங்கே விலை.

இந்தப் பணத்துக்கு ஒரு குணம் உண்டு. விடிந்தால் செத்துவிடும். பாவூர்சத்திரம் மார்க்கெட்டில் ஏலம் போகாமல் நின்ற தக்காளி மாதிரி. நிஜ உலகத்திலேயே இப்படி அழுகுகிற பணத்தை வேண்டுமென்றே செய்து பார்த்திருக்கிறார்கள். ஆஸ்திரியாவில் வோர்கல் என்ற சிற்றூரில் 1932-ல் வேலையில்லாத் திண்டாட்டம். ஊராட்சி தானே ஒரு நோட்டு அடித்தது. மாதம் ஒரு சதவீத மதிப்புக்கு அதில் முத்திரை வாங்கி ஒட்டினால்தான் நோட்டு செல்லும். பெட்டியில் வைத்தால் நஷ்டம் என்பதால் எல்லாரும் உடனே செலவழித்தார்கள், பணம் கை மாறிக்கொண்டே இருந்தது. அடுத்த வருஷம் அந்நாட்டு மத்திய வங்கி அதை நிறுத்திவிட்டது. உங்கள் கனவூரிலும் முதலில் அந்தக் கலகலப்பு இருக்கும். பதுக்க வழியே இல்லாத சந்தை. எழுதுவதற்கு நல்ல அத்தியாயம்.

அப்புறம் கடன் வரும். சேமிக்கத்தான் முடியாது, வாக்குக் கொடுக்கலாமே. ‘இன்றைக்கு நீ இரு, நாளை ராத்திரி உனக்கு ரெண்டு நாழிகை தாரேன்.’ இந்த ஒரு வாக்கியம் வந்ததும் சந்தை நாளைக்கும் நீண்டுவிடுகிறது. ஆனால் கணக்கு எழுத முடியாது. கனவில் எழுத்தைப் படித்துவிட்டு, கண்ணை எடுத்து மறுபடி பார்த்தால் எழுத்து மாறியிருக்கும் என்று, கனவு என்று தெரிந்தே கனவு காண்பவர்கள் பலர் சொல்கிறார்கள். அப்படிப்பட்ட இடத்தில் புரோநோட்டு நிற்குமா?

இங்கேதான் தாத்தா எனக்கு ஞாபகம் வருகிறார். செவ்வாய்க்கிழமை மேலப்பாளையம் சந்தைக்கு என்னைக் கூட்டிப்போவார். வாங்குகிறவருக்கும் விற்கிறவருக்கும் நடுவில் நின்று, தோளில் கிடக்கும் துண்டை எடுத்து ஒருவர் கை மேல் போடுவார். துண்டுக்கு அடியில் இரண்டு கையும் பேசும். எந்த விரலைப் பிடிக்கிறோம், எத்தனை விரல், எத்தனை தடவை அமுக்குகிறோம் என்பதெல்லாம் தொகை. வெளியே மூன்று பேர் முகமும் சும்மா மாட்டின் பல்லைப் பார்த்துக்கொண்டிருக்கும். எனக்கு எட்டு வயது இருக்கும், ஒருநாள் விலை எப்படித் தெரியும் என்று கேட்டேன். ‘ஏல, கைய நீட்டு’ என்றார். துண்டைப் போட்டு என் நடுவிரலை இறுக்கிப் பிடித்தார். காய்ப்புக் காய்த்த விரல். சாணி வாசமும் பொடிமட்டை வாசமும். ‘இது மறக்குமால?’ என்றார். இன்றுவரை மறக்கவில்லை. தொட்ட கணக்கு நெஞ்சில் இருக்கும். உங்கள் கனவுச் சந்தையில் எழுத்துக்குப் பதில் இந்தத் துண்டைப் போடுங்கள். கூட இரண்டு பேர் சாட்சி. காலையில் டீக்கடையில் அந்த இரண்டு பேரும் ஆமாம் என்றால் கடன் நிற்கும்.

இது வேடிக்கையான ஏற்பாடாகத் தோன்றலாம். பசிபிக் கடலில் யாப் தீவில் ஆள் உயரத்துக்கும் மேலான கல் வட்டங்கள் பணமாக இருந்தன. ஒரு கல்லைப் படகில் கொண்டுவரும்போது புயலில் கடலுக்குள் போய்விட்டது. பார்த்தவர்கள் ஊரில் வந்து சாட்சி சொன்னார்கள். யாரும் கண்ணால் காணாத அந்தக் கல்லும் அந்தக் குடும்பத்தின் சொத்தாகவே தலைமுறை தலைமுறையாக இருந்தது. கல் எங்கே கிடந்தால் என்ன, ஊர் ஒத்துக்கொண்டால் போதும்.

பகல் வாழ்க்கையைத் தொடுமா என்றால், கண்டிப்பாகத் தொடும். கணினி விளையாட்டு ஒன்றின் உள்ளே நடந்த வியாபாரத்தை எட்வர்ட் காஸ்ட்ரோனோவா என்ற பொருளியலாளர் 2001-ல் கணக்கிட்டார். அந்த விளையாட்டு நாணயத்தை ஆட்கள் இணையத்தில் டாலருக்கு விற்றுக்கொண்டிருந்தார்கள். அதை வைத்துப் பார்த்தால், இல்லாத அந்த நாட்டின் தலா வருமானம் ரஷ்யாவுக்கும் பல்கேரியாவுக்கும் நடுவில் வந்தது. உள்ளே மதிப்புள்ளது எதுவானாலும் வெளியே அதற்கு ஒரு ரூபாய் விலை ஒட்டிக்கொள்ளும். உங்கள் ஊரில் தூக்கத்தைக் காப்பாற்றுகிற பொருளெல்லாம் விலை ஏறும். சித்திரை வெக்கையில் கரண்ட் போகாத வீடு, ஒலிபெருக்கி எட்டாத தெரு. பத்தமடைப் பாய்க்கு நல்ல காலம். கோரையை ஆற்றுத் தண்ணீரில் ஊறப்போட்டு, இழை இழையாகக் கிழித்து, கையால் நெய்கிற அந்தப் பெண்களுக்கு இன்று கிடைப்பது குறைவு. உடம்பு குளிர்ந்து தூங்க அதைவிட நல்ல விரிப்பு எனக்குத் தெரியாது. அவர்கள் கை நிறையச் சம்பாதிப்பதாக நீங்கள் எழுதினால் நான் மனசாரச் சந்தோஷப்படுவேன்.

ஆனால் நான் இவ்வளவு எழுத உட்கார்ந்த காரணம் வேறு. உங்கள் கேள்வியில் ‘எல்லாரும் சமமாக வரும் சந்தை’ என்று ஒரு வரி இருந்தது. அது அப்படி இருக்காது தம்பி. கனவு ராத்திரி முழுக்கச் சமமாகப் பரவிக் கிடப்பதில்லை. கண்ணயர்ந்து ஒன்றரை மணி நேரம் கழித்து முதல் தடவை வரும், சில நிமிஷம்தான். ஒவ்வொரு சுற்றுக்கும் நீண்டுகொண்டே போய், விடியப்போகும் நேரத்தில்தான் பெரும்பகுதி வரும். விடியக்காலைக் கனவு பலிக்கும் என்று நாம் சொல்வதுகூட, அது நீளமாக வந்து, விழிக்கும்போது கையோடு ஞாபகம் இருப்பதால்தான் என்பது என் எண்ணம். அப்படியானால் சந்தை களைகட்டுவது அதிகாலை மூன்றரைக்கு மேல். அந்த நேரத்தில் யார் எழுந்திருக்கிறார்கள் என்று யோசித்துப் பாருங்கள். திசையன்விளை, உடன்குடிப் பக்கம் பனையேறி விடியும் முன்னே மரத்தடியில் நிற்க வேண்டும், பதநீர் அவருக்காகக் காத்திருக்காது. சங்கரன்கோவில் பக்கம் பிச்சிப்பூ பறிக்கிறவர்கள் இருட்டிலேயே தோட்டத்துக்குள் இருப்பார்கள். பால் கறக்கிறவர், டீக்கடைக்காரர், முதல் பஸ் ஓட்டுநர். பதினோரு மணி வரை பீடி சுற்றிவிட்டு, நாலு மணிக்குத் தண்ணீர் பிடிக்க எழுகிற பெண். இவர்கள் தூக்கத்தில் மூன்றில் ஒரு பங்குதான் இழப்பார்கள், ஆனால் கனவில் பாதியோ அதற்கு மேலோ போய்விடும். விக்கிரமசிங்கபுரம் மில்லில் ராத்திரி ஷிப்ட் பார்த்தவர் பகலில் படுத்தால், ஆளில்லாத சந்தைக்குள்தான் போய் நிற்பார். நாலு நாழிகையும் கையில் இருந்தும் வாங்க ஆளிருக்காது.

கடனும் இதோடு சேர்ந்தால் என்ன நடக்கும் என்பது நெல்லைச் சீமைக்காரனுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. கந்துவட்டியைத் தடுக்க 2003-ல் சட்டமே போட வேண்டி வந்த மாநிலம் இது. ரெண்டு நாழிகை கடன் வாங்கினவன் மூணாகத் திருப்ப வேண்டும். ஒரு ராத்திரிக்கு இருப்பதே நாலு. பிள்ளைக்குக் காய்ச்சல் வந்து ஒரு ராத்திரி தூங்காவிட்டால் தவணை தவறிவிடும். கொஞ்ச நாளில் அவன் கனவெல்லாம் வேறொருவன் கடையில் நிற்பதிலேயே போகும். அவன் சொந்தக் கனவு என்று ஒன்று மிஞ்சாது. பகலில் உடம்பு அடமானம், ராத்திரியில் மனசும் அடமானம். கணினி விளையாட்டுகளிலும் இதுதான் நடந்தது. சீனாவில் இளைஞர்களை ஒரு அறையில் உட்காரவைத்து, பன்னிரண்டு மணி நேரம் விளையாடவிட்டு, அவர்கள் சேர்த்த விளையாட்டுப் பொன்னைப் பணக்கார நாட்டு ஆட்டக்காரர்களுக்கு விற்றார்கள். விளையாட்டே கூலிவேலையானது. தூக்கத்தையும் அப்படி ஆக்க மனுஷனுக்கு ஒரு வருஷம்கூட வேண்டாம்.

அதனால் உங்கள் கதையில் ஊர் கூடி ஒரு கட்டுப்பாடு போடட்டும். எவனும் தன் கடைசி நாழிகையைக் கடனுக்கு எழுதக் கூடாது, அது அவனுக்கே என்று. அதை யார் மீறுகிறார்கள், எப்படிப் பிடிபடுகிறார்கள் என்பதில் உங்கள் கதை முழுவதும் அடங்கிவிடும்.

கடைசியாக, இறந்தவர்களை விற்கலாமா என்று கேட்டிருந்தீர்கள். உங்கள் சந்தையில் மிகப் பெரிய வியாபாரம் அதுவாகத்தான் இருக்கும். செத்துப்போன அப்பாவை நான் கனவில் கண்டால் என் ஞாபகத்தில் உள்ள அப்பாதான் வருவார். அவரோடு இருபது வருஷம் வேலை பார்த்த ஆள் பக்கத்தில் இருந்தால், நான் அறியாத அப்பா வருவார். அதற்கு என்ன விலை வைக்க முடியும்? இதைக் கேட்டதும் முகம் சுளிப்பவர்கள் உண்டு. நான் சுளிக்க மாட்டேன். துட்டி வீட்டில் கூலிக்கு ஒப்பாரி பாடுகிற பெண்களை நாம் பார்த்திருக்கிறோம். அவர்கள் காசு வாங்குகிறார்கள் என்பதால் அந்த அழுகை பொய்யாகிவிடவில்லை, வீட்டுக்காரர்கள் வாய் திறந்து அழுவதற்கு அதுதான் வழி திறந்துவிட்டது. ஆனால் ஒன்று, ஞாபகக்காரர் செத்தால் சரக்கும் போய்விடும். வேறு எந்த வியாபாரத்திலும் இப்படி ஒரு அவசரம் கிடையாது.

எங்கள் ஆச்சி திண்ணையில் உட்கார்ந்து உளுந்து அளந்து விற்பாள். முதல் படியை ஒன்று என்று சொல்ல மாட்டாள். ‘லாபம்’ என்று இழுத்துச் சொல்லிக் கொட்டிவிட்டு, அப்புறம்தான் ‘ரெண்டு’. அந்த இழுப்பு எனக்கு ஞாபகம் இருக்கிறது, குரல் போய்விட்டது. எவ்வளவு முயன்றாலும் என் குரலில்தான் கேட்கிறது. எங்கள் தெருவில் அவளிடம் தினமும் உளுந்து வாங்கிய ஒரு மதினி இன்னும் இருக்கிறார், எண்பதைத் தாண்டிவிட்டார். உங்கள் சந்தையில் அவர் கடை விரித்தால், நான் சாயங்காலமே பாயைப் போட்டுப் படுத்து, நாலு நாழிகையையும் அவர் முன்னால் வைப்பேன். ஒரே ஒரு படி உளுந்து போதும். முதல் படி.